பக்கத்தில் இருக்கிறவர்

நடிகர் டெல்லி கணேஷை நான் முதலில் பார்த்தது வீடியோ டெக்கில்தான். எண்பதுகளின் பிற்பாதி. எங்கள் கொல்லிமலை அப்போது சேலம் மாவட்டத்தோடு இருந்தது. நாமக்கல் தனி மாவட்டமானது 1997இல். எங்கள் ஊரில் சினிமாக் கொட்டகை கிடையாது. படம் பார்க்க வேண்டுமென்றால் 70 கொண்டை ஊசி வளைவுகளையும் இறங்கி, காரவள்ளி வழியாகச் சேந்தமங்கலத்துக்கோ நாமக்கல்லுக்கோ போக வேண்டும். இரண்டாம் ஆட்டம் பார்த்தால் விடியும்வரை பஸ் ஸ்டாண்டில்தான் படுக்கை. அதனால் பெரும்பாலும் படம்தான் மலையேறி எங்களிடம் வரும். மாரியம்மன் நோம்பி, காதுகுத்து, கல்யாணம் என்று எது நடந்தாலும் வீட்டுக்கு இவ்வளவு என்று வசூல் போட்டு, கீழேயிருந்து கலர் டி.வி.யையும் டெக்கையும் வாடகைக்கு எடுத்து வந்துவிடுவார்கள். வளைவுக்கு வளைவு பஸ் சாயும்போது டி.வி. பெட்டியைக் கட்டிப் பிடித்துக்கொண்டு வருவதற்கென்றே இரண்டு இளவட்டங்கள் போவார்கள்.

கேசட் போடுவதில் ஒரு வரிசை இருந்தது. முதலில் சாமி படம். அடுத்து எம்.ஜி.ஆர். அதற்கடுத்து ரஜினி. பாதி ஊர் பாயில் சரிந்த பிறகு, வாடகை வீணாகக் கூடாது என்று கடைசியாக ஒன்று ஓடும். அந்தக் கடைசி இடத்தில்தான் ஒரு நோம்பி ராத்திரியில் ‘சிந்து பைரவி’ வந்தது. 1985இல் வெளியான படம். எங்கள் மலைக்கு வந்து சேரச் சில வருசம் பிடித்தது.

கச்சேரி சங்கீதம் எங்கள் காதுக்குப் பழக்கமில்லாதது. பம்பையும் தவிலும் ஆர்மோனியமும்தான் நாங்கள் அறிந்த வாத்தியங்கள். சிவகுமார் பாடகர் ஜே.கே.பி.யாக மேடையில் உட்கார்ந்து பாடும்போது எனக்குத் தூக்கம் கண்ணைச் சுழற்றியது. அப்பா மட்டும் முதுகு வளையாமல் உட்கார்ந்திருந்தார். என்னைத் தொட்டு எழுப்பினார்.

“பாடறவரையே பாத்துக்கிட்டு இருக்காத. பக்கத்துல மத்தளத்தோட குந்தியிருக்காரு பாரு, அவரப் பாரு.”

மிருதங்க வித்வான் குருமூர்த்தி. அவர் பாடகரின் வாயைப் பார்க்கிறார், கையைப் பார்க்கிறார். எந்த இடத்தில் தன் அடி விழ வேண்டும் என்று காத்திருக்கிறார். தனக்குப் பாட்டு பிடித்திருக்கிறது என்பதைத் தலையாட்டிக் காட்டவேண்டிய அவசியமே இல்லாத ஒரு முகம். அவரிடம் குடிப்பழக்கம் உண்டு. குடித்துவிட்டுக் கச்சேரிக்கு வந்தவரை ஜே.கே.பி. வெளியே அனுப்பிவிட்டு, மிருதங்கம் இல்லாமலே பாடுகிறார். பின்னால் அதே ஜே.கே.பி. குடியில் விழுகிறார். படத்தின் பாரம் முழுவதும் பாடகர் மேல் என்றுதான் யாரும் சொல்வார்கள். ஆனால் முதல் பாதியில் அவமானப்பட்டு வெளியே போனவரின் முகம் நம்மிடம் தங்கியிருந்தால்தான் இரண்டாம் பாதியில் பாடகரின் வீழ்ச்சி வலிக்கும். அந்த முகத்தை டெல்லி கணேஷ் தங்கவைத்துவிட்டுப் போனார்.

இதை அன்றைக்கே நான் புரிந்துகொள்ளவில்லை. அப்பாவுக்குப் புரிந்தது. காரணம், அப்பாவும் அந்தத் தொழில்தான் செய்தார்.

தொழில் என்றால் பிழைப்பு இல்லை. பிழைப்பு மிளகும் காப்பியும் சாமையும் கொஞ்சம் மரவள்ளியும். நோம்பிக்கு ஊரில் ‘அரிச்சந்திரா’ நாடகம் போடுவார்கள். கீழேயிருந்து நாடக வாத்தியார் வந்து தங்கி, மாதக்கணக்கில் ராத்திரியில் ஒத்திகை நடத்துவார். நல்ல குரல் உள்ளவருக்கு அரிச்சந்திரன் வேசம். மீசை வழித்த இளைஞர் ஒருவருக்குச் சந்திரமதி. அப்பாவுக்குப் பாட்டு வராது. எனவே வருசா வருசம் அவர்தான் மந்திரி சத்தியகீர்த்தி. ராஜா நாட்டை இழக்கும்போதும் காட்டுக்குப் போகும்போதும் காசிக்கு நடக்கும்போதும் கூடவே போகிறவர். பேச்சு கொஞ்சம்தான். ஆனால் ராத்திரி பூராவும் மேடையில் நிற்கவேண்டும்.

விசுவாமித்திரருக்கு ராஜ்ஜியத்தைத் தாரைவார்த்துக் கொடுத்துவிட்டு அரிச்சந்திரன் ஒரு நீளமான விருத்தம் பாடுவார். அந்த விருத்தம் முடியும்வரை சத்தியகீர்த்திக்கு ஒரு வேலையும் இல்லை. அப்பா அந்த நேரத்தில் மெதுவாகத் தன் தலைப்பாகையை அவிழ்ப்பார். ஒவ்வொரு சுற்றாக, ராஜாவின் பக்கம் திரும்பாமல், துணி தரையில் படாமல் கையில் சுருட்டிக்கொண்டே வருவார். முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் பெண்கள் ராஜாவின் பாட்டுக்கு அழுததாகத்தான் நினைத்துக்கொள்வார்கள். அவர்கள் அழுகை தொடங்குவது தலைப்பாகை அவிழும்போது. வாத்தியார் இதைச் சொல்லித்தரவில்லை. அப்பாவாகவே சேர்த்துக்கொண்டது.

“வாங்கறவன் சரியா வாங்கினாத்தான்டா அடிச்சவன் அடிச்ச மாதிரி இருக்கும்” என்பார். நடிப்பைப் பற்றி நான் பிற்பாடு படித்த எதுவும் இதைத் தாண்டிப் போகவில்லை.

குருமூர்த்தியாக நடித்தவரின் பெயர் எனக்குத் தெரிந்தது நாமக்கல்லில் அரசு விடுதியில் தங்கிப் படித்தபோது. முடிவெட்டும் கடையில் கிடந்த பழைய வாரப் பத்திரிகைகளில் துண்டு துண்டாக அவரைப் பற்றிப் படித்தேன். பின்னால் கிடைத்தவற்றையும் சேர்த்துக்கொண்டேன். பெயர் கணேசன். 1944 ஆகஸ்டு 1ஆம் தேதி, அன்றைய திருநெல்வேலி மாவட்டத்து வல்லநாட்டில் பிறந்தவர். 1964 முதல் 1974 வரை இந்திய விமானப்படையில் பணி. அந்தக் காலத்தில்தான் டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் சேர்ந்து நடித்திருக்கிறார். சென்னைக்கு வந்த பிறகு காத்தாடி ராமமூர்த்தியின் குழு. அந்தக் குழுவுக்காக விசு எழுதிய ‘பட்டினப் பிரவேசம்’ நாடகத்தை கே. பாலசந்தர் படமாக எடுத்தார்; மேடையில் நடித்த கணேசனைத் திரைக்கும் அழைத்துக்கொண்டார். கிராமத்துக் குடும்பம் ஒன்று பட்டணத்துக்கு வந்து சிதறிப்போகிற கதை. 1977இல் படம் வந்தது. டெல்லி கணேஷ் என்ற பெயரைக் கொடுத்ததும் பாலசந்தர்தான். அதற்குப் பின் 400க்கு மேற்பட்ட படங்கள்.

லீவுக்கு மலைக்குப் போனபோது இதையெல்லாம் அப்பாவிடம் சொன்னேன். அவருக்கு நாடக சபா பெரிதாகப் படவில்லை, பாலசந்தரும் படவில்லை. ஒன்றில்தான் நின்றார்.

“பட்டாளத்துல இருந்தவரா? பாத்தியா, அதான் நிக்கத் தெரிஞ்சிருக்கு.”

அப்பா சொன்னதை நினைத்துக்கொண்டு அவருடைய படங்களைப் பார்த்தால் அது உண்மை என்று படுகிறது. கதாநாயகன் பேசும்போது பக்கத்தில் நிற்கும் நடிகர்கள் பலர் தவிப்பார்கள். கையை எங்கே வைப்பது என்று தெரியாது. துண்டைச் சரிசெய்வார்கள், கண்ணாடியைத் துடைப்பார்கள், தேவையில்லாமல் பெருமூச்சு விடுவார்கள். டெல்லி கணேஷ் நிற்பார். அந்தப் பாத்திரத்துக்கு அங்கே என்ன வேலையோ அதை மட்டும் செய்துகொண்டு, பேசுகிறவரைக் கேட்டுக்கொண்டு நிற்பார்.

‘பசி’ பார்த்ததும் விடுதியில்தான். ஞாயிற்றுக்கிழமை மதியம் தூர்தர்ஷனில் ஏதாவது ஒரு மாநில மொழிப் படம் போடுவார்கள். பெரும்பாலும் விருது வாங்கிய படங்கள். கீழே இங்கிலீஷில் எழுத்து ஓடும். வங்காளப் படம், ஒரியாப் படம் என்று எதுவந்தாலும் சோற்றுத்தட்டோடு உட்கார்ந்து பார்ப்போம். தமிழ் என்றதும் அன்று கூட்டம் அதிகம். சண்டையும் பாட்டும் எதிர்பார்த்து வந்த பையன்கள் அரைமணி நேரத்தில் ஒவ்வொருவராக எழுந்து போய்விட்டார்கள். நாங்கள் சிலர் இருந்தோம்.

துரை இயக்கி 1979இல் வந்த படம் அது. சென்னைக் குடிசைப் பகுதியில், குப்பையில் காகிதம் பொறுக்கும் பெண் குப்பம்மா. சோபா நடித்தார், அந்த வேடத்துக்குத் தேசிய விருதும் பெற்றார். சிறந்த தமிழ்ப்படத்துக்கான தேசிய விருதும் ‘பசி’க்குத்தான். குப்பம்மாவின் தகப்பன் முனியாண்டி, ரிக்‌ஷாக்காரர். பிள்ளைகள் நிறைய, சோறு குறைவு. அந்த முனியாண்டிதான் டெல்லி கணேஷ் என்று நம்ப எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. மிருதங்கக்காரரின் உடம்பு வேறு, இந்த ரிக்‌ஷாக்காரரின் உடம்பு வேறு. மெட்ராஸ் பாசையை வேடிக்கைக்காகப் பேசுகிற நடிகர்களைத்தான் அதுவரை நான் பார்த்திருந்தேன். இவர் பேசியதில் வேடிக்கையே இல்லை. அதைப் பேசுகிறவன் எப்படிப் பேசுவானோ அப்படிப் பேசினார். தாமிரபரணிக் கரையிலிருந்து விமானப்படைக்குப் போய், அங்கிருந்து சென்னைக்கு வந்தவர் அந்தக் குடிசைக்குள் பிறந்தவராக இருந்தார். அந்த வேடத்துக்கு மாநில அரசு அவருக்குச் சிறப்புப் பரிசு கொடுத்தது.

எங்கள் மலையிலிருந்து கூலிக்காகக் காப்பித் தோட்டங்களுக்கும் கீழ்நாட்டுக்கும் போகிற குடும்பங்கள் அன்றும் இருந்தன, இன்றும் இருக்கின்றன. போன இடத்தில் பிள்ளைகளுக்குச் சோறு போட முடியாத தகப்பன்களை நான் பார்த்திருக்கிறேன். அவர்கள் சத்தம் போட்டு அழுவதில்லை. பிள்ளையின் முகத்தைப் பார்க்காமல் வேறெங்கோ பார்ப்பார்கள். முனியாண்டியின் கண் அப்படித்தான் வேறெங்கோ போனது. சினிமாவில் எங்கள் ஆட்களில் ஒருவரைப் பார்த்துவிட்டேன் என்று அன்றைக்குத் தோன்றியது. படம் முடிந்தபோது அறையில் இருந்த யாரும் எதுவும் பேசிக்கொள்ளவில்லை. தட்டைக் கழுவப் போனோம்.

‘பசி’யை இன்று எத்தனை பேர் பார்க்கிறார்கள்? டெல்லி கணேஷ் என்றால் சிரிப்பு வேடங்களைச் சொல்கிறார்கள். அது தவறில்லை. ஆனால் முனியாண்டியைப் பார்க்காமல் அவரை அளக்க முடியாது என்பதில் நான் பிடிவாதமாக இருக்கிறேன்.

சிரிப்பு என்றால் 1990இல் வந்த ‘மைக்கேல் மதன காமராஜன்’. பாலக்காட்டு மணி ஐயர். சமையல்காரர். கமல்ஹாசனின் காமேஸ்வரனை வளர்த்தவர். கல்யாண வீட்டுச் சாம்பாரில் மீன் விழுந்துவிடுகிற அந்தக் காட்சியை ஊரே மனப்பாடமாக வைத்திருக்கிறது. நான் சொல்ல விரும்புவது ஒன்றுதான். அந்தக் காட்சியில் மணி ஐயர் ஒருதரம்கூடச் சிரிப்பு மூட்ட முயல்வதில்லை. ஒரு சைவச் சமையல்காரருக்கு அதைவிடப் பெரிய ஆபத்து வாழ்க்கையில் வராது. அந்த ஆபத்தை அவர் முழுதாக நம்புகிறார். கமலின் பதற்றத்துக்கு அடித்தளம் இவருடைய நம்பிக்கை. பாலக்காட்டுத் தமிழின் இழுப்பு இரண்டு பேருக்கும் ஒன்றுபோல இருப்பதால், இவர்கள் பல வருசம் ஒரே அடுப்படியில் வெந்தவர்கள் என்பதை யாரும் சொல்லாமலே நாம் ஏற்றுக்கொள்கிறோம்.

அதற்கு முந்தைய வருசம் ‘அபூர்வ சகோதரர்க’ளில் நான்கு வில்லன்களில் ஒருவராக வந்தவரும் இவர்தான். அதற்கும் முன்பு, 1987இல், ‘நாயகன்’. வேலு நாயக்கருக்குத் தமிழ்தான் தெரியும். பம்பாயில் எதிரே இருப்பவர்களுக்கு இந்தி. நடுவே டெல்லி கணேஷின் அய்யர் நின்று மொழிபெயர்க்கிறார். நான் மலையிலிருந்து இறங்கி விடுதிக்கு வந்த புதிதில் அந்தப் படத்தைப் பார்த்தேன். பெரிய மனிதர்கள் பேசும் இடத்தில் நடுவில் நிற்கவேண்டிய ஆளின் கஷ்டம் எனக்குத் தெரியும். ரேஞ்சர் ஆபீசிலும் தாலுகா ஆபீசிலும் எங்கள் ஊர்ப் பெரியவர்களுக்காக நான் பேசப் போயிருக்கிறேன். சொல்கிறவரின் கோபத்தை அப்படியே கடத்தவும் வேண்டும். கேட்கிறவர் அந்தக் கோபத்தை நம்மீது காட்டாமல் இருக்கவும் வேண்டும். அய்யர் இந்தியில் பேசும்போது கோபம் நாயக்கருடையதாகவும் பயம் அவருடையதாகவும் இருக்கும். ஒரே வாக்கியத்தில் இரண்டு பேர். பத்தாண்டு விமானப்படையில் இருந்தவருக்கு இந்தி நாக்கில் உறுத்தாமல் வந்ததில் ஆச்சரியமில்லை. பயத்தையும் மரியாதையையும் அந்த அளவில் கலந்தது நடிப்பு.

நாடகத்திலிருந்து சினிமாவுக்கு வந்து பெயர் பெற்றவர்கள் நம்மிடம் தலைமுறை தலைமுறையாக உண்டு. டி.கே.எஸ். சகோதரர்கள், நவாப் ராஜமாணிக்கம் போன்றவர்களின் நாடகக் கம்பெனிகளில் சிறுவயதில் சேர்ந்து, அங்கேயே உண்டு, அங்கேயே உறங்கி, வேடம் கட்டிப் பழகியவர்கள் ஒரு தலைமுறை. அவர்களை வரவேற்ற ஸ்டுடியோக்களில் ஒன்று எங்கள் பக்கத்திலேயே இருந்தது. சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ், நிறுவிய டி.ஆர். சுந்தரம் திருச்செங்கோட்டுக்காரர். எங்கள் ஊர் நாடக வாத்தியார் இளவயதில் அந்த கேட்டுக்கு வெளியே நின்றிருந்ததாகச் சொல்வார். கம்பெனிகள் கலைந்த பிறகு வந்தவர்கள் சபா நாடகக்காரர்கள். பகலில் பேங்கிலோ ரயில்வேயிலோ கணக்குத் தணிக்கை அலுவலகத்திலோ உத்தியோகம், சாயங்காலம் ஒத்திகை, வார இறுதியில் மேடை. டெல்லி கணேஷ் இந்த இரண்டாவது வகை.

ஜெர்மனி போன்ற நாடுகளில் நகரமும் மாநில அரசும் செலவு ஏற்று நடத்தும் நாடக அரங்குகள் ஊருக்கு ஊர் இருக்கின்றன. நடிகர் அங்கே மாதச் சம்பளக்காரர். ஒரு நாள் அரசனாகவும் இன்னொரு நாள் வாயிற்காப்போனாகவும் அதே அரங்கில் நடிப்பார். கூடவே சினிமாவிலும் தொலைக்காட்சியிலும் தோன்றுவார். பெரிய வேடமோ சின்ன வேடமோ, அரிசிக்குக் கவலையில்லை. நம் ஊரில் அரசாங்கச் சம்பளத்தை விட்டுவிட்டுத் துணை வேடங்களை நம்பி ஒரு குடும்பஸ்தர் வெளியே வருவது எவ்வளவு பெரிய துணிச்சல் என்பதை நினைத்துப் பார்க்கிறேன். கதாநாயகனுக்கு ஒரு படம் ஓடினால் மூன்று வருசத்துக்குக் கவலையில்லை. துணை நடிகருக்கு அடுத்த படத்துக்கு ஆள் கூப்பிட வேண்டும். கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள் என்பதுதான் அவர் சம்பாதித்தது. 1994இல் கலைமாமணி விருது வந்தது.

தொண்ணூறுகளின் பிற்பாதியில் எங்கள் மலையிலும் கேபிள் வந்துவிட்டது. ‘மர்மதேசம்’ தொடரில் அவரைப் பார்த்த அம்மா, “இவரு நம்ம நோம்பிக்கு வந்த மத்தளக்காரர் இல்ல?” என்று கேட்டாள். பத்து வருசத்துக்கு முன் தூங்கி வழிந்துகொண்டே பார்த்த முகம். அதன்பிறகு எந்தத் தொடரில் அவர் வந்தாலும் அம்மாவுக்கு அவர் மத்தளக்காரர்தான். அவருடைய பாத்திரத்துக்குத் துன்பம் வந்தால் மறுநாள் கிணற்றடியில் அதைப் பற்றிப் பேச்சு இருக்கும். சினிமாவில் சில நிமிசம் மட்டுமே கிடைத்த இடம் தொலைக்காட்சியில் வாரக்கணக்கில் கிடைத்தது. அந்த விஸ்தாரத்திலும் அவர் குரலை உயர்த்திக்கொண்டதில்லை. பக்கத்து வீட்டுத் தாத்தா பேசுகிற அளவில்தான் பேசினார். ‘அவ்வை சண்முகி’, ‘தெனாலி’ என்று பெரிய திரையும் நிற்கவில்லை. 2024இல் வந்த ‘இந்தியன் 2’ வரைக்கும் நடித்தார்.

அப்பா கேபிள் காலத்தின் தொடக்கத்திலேயே போய்விட்டார். நான் தமிழாசிரியராகி, சில ஊர்கள் சுற்றி, மலைக்கே மாற்றல் வாங்கிக்கொண்டு வந்தேன். விடுதியோடு கூடிய அரசுப் பள்ளி. பிள்ளைகளோடு நாடகம் போடுவது எனக்குப் பிடித்தமான வேலை.

2024 நவம்பரில் குழந்தைகள் தினத்துக்காக எங்கள் மலையின் பழைய தலைவன் ஓரியைப் பற்றிய நாடகம் தயாராகிக்கொண்டிருந்தது. ஆடி மாதம் அரசு நடத்தும் வல்வில் ஓரி விழாவைப் பார்த்துப் பார்த்து, ஓரி என்றால் வில்லும் கிரீடமும்தான் என்று பிள்ளைகள் நினைத்திருந்தார்கள். செம்மேட்டுச் சிலையைப் போல நிற்க எல்லாப் பையன்களுக்கும் ஆசை. நான் எடுத்துக்கொண்டது வன்பரணர் புறநானூற்றில் 152ஆம் பாட்டில் சொல்லும் சம்பவம். பசியோடு காட்டுவழி வரும் பாணர் கூட்டம் ஒரு வேட்டைக்காரனைப் பார்க்கிறது. ஒரே அம்பு யானை, புலி, மான், பன்றி, உடும்பு என்று ஐந்தையும் ஊடுருவிப் போகிறது. இவன் சாதாரண ஆள் இல்லை என்று நினைத்துப் பாணர் தலைவன் தன் கூட்டத்தைப் பாடச் சொல்கிறான். விறலி பாட, முழவு முழங்க, யாழ் இசைக்க, பாட்டின் முடிவில் மன்னனை விளித்து வாழ்த்துகிறார்கள். வேட்டைக்காரன் வெட்கப்படுகிறான், மன்னன் என்று அவர்கள் விளித்தது அவனுக்கே உரிய பெயர்தான். பிறகு இறைச்சியும் தேறலும் பொன்னும் மணியும் கொடுத்து அனுப்புகிறான். தேறலை மட்டும் பிள்ளைகளுக்காக நான் மலைத்தேன் ஆக்கிக்கொண்டேன்.

கூத்துக் கலைஞர்களுக்கு வாரிக் கொடுத்தவன் என்றுதான் இந்த மலையின் தலைவனைப் பாட்டு நினைவில் வைத்திருக்கிறது. அடுத்த பாட்டில் வன்பரணர் இன்னும் ஒருபடி போகிறார். ஓரியிடம் பரிசு பெற்றுப் பசியே தீர்ந்துபோனதால் அந்தக் கலைஞர்கள் ஆடவும் பாடவும் மறந்துவிட்டார்களாம். வேடம் கட்டிப் பிழைத்த எத்தனையோ பேரின் கதையை அறிந்தவனுக்கு அந்தப் பாட்டைப் பாடம் நடத்தும்போது தொண்டை அடைக்கும்.

நவம்பர் 9ஆம் தேதி இரவு டெல்லி கணேஷ் சென்னையில் காலமானார். வயது 80. மறுநாள் ஞாயிற்றுக்கிழமை காலையில் செய்தி வந்தது. இறுதி மரியாதை செலுத்த விமானப்படையினர் வந்திருந்ததை டி.வி.யில் பார்த்தேன். சினிமாவில் அவ்வளவு தூரம் போன பிறகும் அந்தப் பத்தாண்டை அவர்கள் மறக்கவில்லை. அப்பா இருந்திருந்தால் அதற்காகச் சந்தோசப்பட்டிருப்பார்.

திங்கட்கிழமை ஒத்திகையில் பிள்ளைகளிடம் அவரைப் பற்றிச் சொன்னேன். பாதிப் பேருக்கு முகம் தெரிந்தது, பெயர் தெரியவில்லை. செல்போனில் ‘சிந்து பைரவி’யின் கச்சேரிக் காட்சி ஒன்றைப் போட்டேன். என்னிடம் அப்பா சொன்னதையே அவர்களிடம் சொன்னேன். பாடுகிறவரை விடுங்கள், பக்கத்தில் இருக்கிறவரைப் பாருங்கள். இரண்டாம் தடவை போடச் சொல்லிக் கேட்டார்கள். மூன்றாம் தடவையும்.

முழவு அடிக்கிற வேடத்தில் இருந்தவன் எட்டாம் வகுப்புப் பையன். அதிகம் பேசாதவன், வசனமே இல்லாத வேடம் என்பதால் நான் கொடுத்தது. அன்று சாயங்காலம் ஆசிரியர் அறைக்கு வெளியே வந்து நின்றான். என்னவென்று கேட்டேன்.

“சார், அந்த வேட்டைக்காரரு வெக்கப்படறாருல்ல, அத யாரு சார் மொதல்ல பாக்கறது?”

எல்லோரும்தான் பார்க்கிறார்கள் என்றேன்.

“இல்லைங்க சார். பாடற புள்ள பாட்டுல இருக்கும், அதுக்குத் தெரியாது. யாழ் வாசிக்கறவன் கம்பியப் பாத்துக்கிட்டு இருப்பான். அடிக்கறவன்தான் சார் நிமிந்து மூஞ்சியப் பாத்துக்கிட்டு அடிப்பான். அவனுக்குத்தான் மொதல்ல தெரியணும்.”

மறுநாள் ஒத்திகையில் அந்த இடத்தை மாற்றினோம். விறலி வாழ்த்தைச் சொல்லி முடிக்கிறாள்; வேட்டைக்காரன் தலையைக் குனிகிறான்; முழவு சட்டென்று நின்றுவிடுகிறது. ஏன் நின்றது என்று பாணர் கூட்டம் திரும்பி முழவுக்காரனைப் பார்க்கிறது. அவன் பார்க்கும் பக்கம் பார்க்கிறது. அப்போதுதான் எல்லோருக்கும் ஓரி தெரிகிறான். விறலியாக நடித்த பிள்ளைக்குத் தன் பாட்டு முடிந்ததும் கைதட்டு வாங்க இடமில்லாமல் போகுமோ என்று ஒரு கவலை. அதற்காகப் பாட்டை இரண்டு அடி முன்னால் முடித்து, நடுவில் முழவு மட்டும் கொஞ்ச நேரம் தனியாக அடிக்கும்படி வைத்தோம். பையனுக்கு அந்தத் தனி அடி சரியாக வரவில்லை. உண்மையான மேளம் அடிக்கிற அவனுடைய மாமாவை ஊரிலிருந்து வரவழைத்தோம். புதன்கிழமை ராத்திரி வரைக்கும் மாமாவும் மருமகனும் விடுதி வராந்தாவில் உட்கார்ந்து அடித்துக்கொண்டிருந்தார்கள்.